மருந்தடிக்கும் கூலி ஆட்களுக்கு சாயங்காலம் கண் மங்கல், எச்சில் ஊறல்: எப்போது ஆஸ்பத்திரி? என்ன கிட்?

வரப்போரம்:

வணக்கம். பெரம்பலூர் பக்கம், மக்காச்சோளமும் பருத்தியும் மாறி மாறிப் போடும் ஊர். மருந்தடிக்கத் தனிக் குழு இருக்கிறது. ஆண்கள் பேட்டரி ஸ்ப்ரேயர் மாட்டி அடிப்பார்கள்; பெண்கள் தண்ணீர் சுமந்து, மருந்து கலந்து ஊற்றிக் கொடுப்பார்கள். கூலி டேங்க் கணக்கு. அதனால் நடுவில் நிறுத்திக் கைகழுவ யாருக்கும் மனசு வராது.

புரட்டாசி, ஐப்பசியில் வேலை உச்சத்தில் இருக்கும்போது பாதிப் பேருக்குச் சாயங்காலம் தலைவலி, கண் மங்கல், வாயில் எச்சில் ஊறுவது. சிலருக்குக் கெண்டைக்கால் சதை தானாகத் துடிக்கிறது. "வாடை ஏறிருச்சு" என்று மோர் குடித்துவிட்டுப் படுத்துவிடுகிறார்கள். காலையில் மறுபடி டேங்க்.

ஆரம்ப சுகாதார நிலையம் 9 கி.மீ. சாயங்காலம் போனால் நர்ஸ் மட்டும்தான். மாவட்ட ஆஸ்பத்திரிக்குப் போனால் மறுநாள் கூலியும் போச்சு என்பதால் யாரும் கிளம்புவதில்லை. இலவசமாகக் கிடைத்த பாதுகாப்பு உடை பரணில் கிடக்கிறது. போட்டால் வேர்த்து மயக்கம் வருகிறது என்கிறார்கள், அதுவும் பொய்யில்லை.

தெரிய வேண்டியது: வெயிலில் உண்மையிலேயே போட்டுக்கொண்டு வேலை செய்யக்கூடிய கிட் எது? எந்த அறிகுறி வந்தால் ஆஸ்பத்திரி? அங்கே போய் என்ன சொல்ல வேண்டும்? ரத்தப் பரிசோதனை ஏதாவது இருக்கிறதா?

---

பயிர்க்காவல்:

எச்சில், கண் மங்கல், சதைத் துடிப்பு மூன்றும் சேர்ந்து வந்தால் அது வாடை இல்லைங்க. ஆர்கனோபாஸ்பரஸ் வகைப் பூச்சிமருந்து (குளோர்பைரிபாஸ், புரோபனோபாஸ் போன்றவை) உடம்புக்குள் போய்விட்டது என்று அர்த்தம். வைத்தியப் பக்கத்தை ஆஸ்பத்திரியில் வேலை பார்ப்பவர்கள் சொல்லட்டும். எப்படி உள்ளே போகிறது, எங்கே தடுப்பது என்பதை நான் எழுதுகிறேன்.

எல்லோரும் மூக்கைத்தான் கட்டுகிறார்கள். கைத்தெளிப்பானில் அடிக்கும்போது உள்ளே போவதில் பெரும்பங்கு தோல் வழியாகத்தான். எல்லாத் தோலும் ஒன்றில்லை. அதே வகையைச் சேர்ந்த பாரத்தியான் மருந்தை மனிதர்கள் தோலில் தடவிப் பார்த்த பழைய சோதனை ஒன்று இருக்கிறது. முன்கையில் பட்டதில் சுமார் 9 சதவீதம் உள்ளே போனது. தலைத்தோலில் 32, நெற்றியில் 36, அக்குளில் 64, விதைப்பையில் ஏறக்குறைய முழுவதும். இப்போது லீக் ஆகும் டேங்கை முதுகில் மாட்டியவரைப் பாருங்கள். மூடி வழியாகக் கசிவது முதுகில் இறங்கி, இடுப்புக் கைலி மடிப்பில் தேங்கி, தொடை இடுக்குக்குப் போகிறது. அங்கே நாள் பூராவும் ஈரம். மூக்கில் துண்டு கட்டி என்ன பிரயோஜனம்?

அதனால் முதல் வேலை கிட் வாங்குவது அல்ல, டேங்கைச் சரிபார்ப்பது. வெறும் தண்ணீர் ஊற்றி, மாட்டிக்கொண்டு 10 நிமிடம் நடந்து அடித்துப் பாருங்கள். கசியும் இடம் மூன்றுதான்: மூடியின் ரப்பர் வாஷர், ஹோஸ் டேங்கோடு சேரும் இடம், கைப்பிடி வால்வு. மூன்றுமே சில்லறைச் செலவு. மூடிவரை நிரப்பக் கூடாது; 16 லிட்டர் டேங்கில் 14 போதும், குனியும்போது தளும்பாது. டேங்க் கணக்குக் கூலியில் இதை ஒத்துக்கொள்ள மாட்டார்கள் என்பது தெரியும். காட்டுக்காரரோடு பேசி ஏக்கர் கணக்குக்கு மாற்ற முடிந்தால், என்னைக் கேட்டால், எந்தக் கிட்டையும்விட அது பெரிய பாதுகாப்பு.

அடுத்தது கலக்கும் பெண்கள். குழுவில் அதிக ஆபத்து அவர்களுக்குத்தான், அதை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. லிட்டருக்கு 2 மில்லி என்றால் 500 மடங்கு நீர்த்துப்போகிறது. பாட்டிலில் இருந்து 1 மில்லி கையில் சிந்தினால், அரை லிட்டர் தெளிப்புக் கரைசலில் இருக்கும் விஷம் அந்த ஒரு துளிப் பரப்பில் இருக்கிறது. பாட்டில் மூடியில் அளந்து, அந்தக் கையாலேயே வாளியைக் கலக்கி, அந்தக் கையாலேயே முகத்து வேர்வையைத் துடைத்தால் முடிந்தது. கலக்குபவருக்கு நைட்ரைல் கையுறை, முழங்கைவரை நீளமானது, கட்டாயம். கண்ணாடி கட்டாயம். முன்பக்கம் பிளாஸ்டிக் ஏப்ரன். கலக்கக் குச்சி. அளக்க 10 மில்லி, 25 மில்லி கோடு போட்ட தனிக் குவளை. குடிதண்ணீர்க் குடமும் கலக்கும் வாளியும் ஒரே மரத்தடியில் இருக்கக் கூடாது.

துணிக் கையுறை வேண்டவே வேண்டாம். மருந்தை உறிஞ்சித் தோலோடு ஒட்டவைத்துக்கொண்டிருக்கும், வெறுங்கையாவது கழுவலாம். ஆஸ்பத்திரியில் போடும் மெல்லிய ரப்பரும் இதற்கு ஆகாது, எண்ணெய் கலந்த ஈ.சி. வகை மருந்து சீக்கிரம் ஊடுருவும். நைட்ரைல் கையுறையைக் கழற்றும் முன் மாட்டியபடியே சோப்புப் போட்டு வெளிப்பக்கத்தைக் கழுவ வேண்டும். இல்லாவிட்டால் கழற்றும்போது இன்னொரு கையில் ஒட்டும்.

அடிப்பவருக்கு வெயிலில் சாத்தியமானது இவ்வளவுதான்: முழுக்கைப் பருத்திச் சட்டை, பேண்ட், முதுகை மூடும்படி ஒரு பாலித்தீன் ஷீட், தொப்பி, கண்ணாடி, கையுறை, கம்பூட். பேண்ட் பூட்டுக்கு வெளியே தொங்க வேண்டும், உள்ளே செருகினால் வழிவது எல்லாம் பாதத்தில் இறங்கும். பரணில் கிடக்கும் அந்த முழு பிளாஸ்டிக் உடை காலை 6 முதல் 9 வரை தாங்கும், அதற்கு மேல் தாங்காது; அதைக் கட்டாயப்படுத்தினால் வெயில் மயக்கம்தான் வரும். நேரத்தை மாற்றுங்கள், உடையை அல்ல. என்-95 முகக்கவசம் தூள் மருந்துக்கும் துளிக்கும் ஓரளவு உதவும், ஆவியைத் தடுக்காது. ஆவிக்கு ஆர்கானிக் வேப்பர் கார்ட்ரிட்ஜ் போட்ட அரைமுகக் கவசம் வேண்டும். ஈரத் துண்டை வாயில் கட்டுவது மருந்தை வாயருகே தேக்கிவைப்பது.

காற்று: காற்றுக்குக் குறுக்காக நடக்க வேண்டும். காற்று போய்ச்சேரும் ஓரத்தில் தொடங்கி, காற்று வரும் பக்கமாக வரிசை வரிசையாக நகர வேண்டும். அப்போது அடிக்காத செடிக்குள்தான் எப்போதும் நடப்பீர்கள், நனைந்த இலை தொடையில் உரசாது. இலை லேசாகச் சலசலத்தால் அடிக்கலாம், சின்னக் கிளை ஆடினால் நிறுத்துங்கள். நாசில் அடைத்தால் வாயால் ஊதுவதை எத்தனை சொன்னாலும் விடுவதில்லை. ஒரு பழைய டூத்பிரஷும் மாற்று நாசிலும் பையில் இருந்தால் ஊத வேண்டிய அவசியமே வராது.

பயிர் உயரம் பெரிய விஷயம். 2017-ல் மகாராஷ்டிரத்தின் யவத்மாலில் பருத்திக்கு மருந்தடித்தவர்கள் இருபது பேருக்கு மேல் இறந்தார்கள். அதே பருவத்தில் பெரம்பலூரிலும் சாவு நடந்தது. யவத்மாலில் பருத்தி ஆளுயரம், நாசிலை நெஞ்சுக்கு மேல் தூக்கி அடித்தால் எல்லாம் முகத்தில்தான் இறங்கும். மக்காச்சோளப் படைப்புழுவுக்கு முளைத்து 15 முதல் 20 நாளில், பயிர் முழங்காலளவு இருக்கும்போது, குருத்துக்குள் விழும்படி அடிப்பதுதான் சரியான நேரம். அப்போது தவறவிட்டுவிட்டு ஆளுயரம் வந்தபின் மேலே பார்த்து அடிப்பதில் புழுவும் சாகாது.

கடைசியாக மருந்துத் தேர்வு. டப்பாவில் இருக்கும் முக்கோணத்தைப் பாருங்கள். சிவப்பு மிகக் கொடியது, அடுத்து மஞ்சள், பிறகு நீலம், பச்சை. குளோர்பைரிபாஸ், புரோபனோபாஸ், குயினால்பாஸ் எல்லாம் மஞ்சள். படைப்புழுவுக்குப் பல்கலைக்கழகப் பரிந்துரையிலேயே இருக்கும் குளோரான்ட்ரனிலிப்ரோல் பச்சை, லிட்டருக்கு 0.4 மில்லிதான். விலை அதிகம் என்பார்கள். மோனோகுரோட்டோபாஸைக் காய்கறிக்கு அடிக்க 2005-லேயே தடை, ட்ரையசோபாஸ், போரேட், டைகுளோர்வாஸ் மூன்றும் 2020 இறுதியோடு தடை. பழைய ஸ்டாக் யார் கொடுத்தாலும் வாங்க வேண்டாம். கடைக்காரர் மூன்று நான்கைச் சேர்த்துக் கொடுக்கும் கலவையையும் ஏற்க வேண்டாம். பூச்சிக்கு நல்லதோ இல்லையோ, ஆள் விழுந்தால் டாக்டர் எதற்கு வைத்தியம் பார்ப்பார்?

---

இரவுப்பணி:

அரசு மருத்துவமனை எமர்ஜென்சியில் வேலை. நேரடியாக வருகிறேன்.

எந்த அறிகுறிக்கு எங்கே: வெறும் தலைவலி, லேசான குமட்டல் மட்டும் என்றால் வேலையை நிறுத்தி, குளித்து, உடை மாற்றி, தனியாக விடாமல் ஒருவர் பார்த்துக்கொள்ள வேண்டும். எச்சில் வழிதல், அடக்க முடியாத வேர்வை, வாந்தி, வயிற்றுப்போக்கு, கண்மணி ஊசிமுனை அளவு சுருங்குதல், சதைத் துடிப்பு, நெஞ்சில் களகளவென்ற சத்தம், குழறிய பேச்சு: இதில் இரண்டு சேர்ந்திருந்தாலே 108. காலையில் பார்க்கலாம் என்ற பேச்சுக்கு இடமில்லை. சாவு பெரும்பாலும் மூச்சில்தான் வருகிறது. நுரையீரல் சளியால் நிரம்பும், மூச்சுத் தசை தளரும்.

108 வரும்வரை செய்ய வேண்டியது. உடையைக் கழற்றுங்கள்; பனியன், சட்டையைத் தலைவழியாக இழுக்காமல் வெட்டி எடுங்கள், இல்லாவிட்டால் முகமெல்லாம் மருந்து பூசும். சோப்பும் நிறையத் தண்ணீரும் விட்டு 15 நிமிடமாவது கழுவ வேண்டும். தலைமுடி, காது மடிப்பு, நகக்கண், தொப்புள், தொடை இடுக்கு. கழுவுபவர் கையுறை இல்லாவிட்டால் பிளாஸ்டிக் கவரையாவது கையில் மாட்டிக்கொள்ளட்டும். கண்ணில் பட்டிருந்தால் இமையைத் திறந்து பிடித்துக்கொண்டு வெறும் தண்ணீரை 15 நிமிடம் விடுங்கள். நினைவு மங்கினால் இடப்பக்கமாக ஒருக்களித்துப் படுக்கவையுங்கள்.

செய்யக் கூடாதது: சாணிக் கரைசல், உப்புத் தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்கவைப்பது. ஈ.சி. மருந்துகளில் பெட்ரோலியக் கரைப்பான் இருக்கிறது. வாந்தியோடு நுரையீரலுக்குள் போனால் விஷத்தோடு நிமோனியாவும் சேரும். அரை மயக்கத்தில் இருப்பவருக்கு மோர், பால், எலுமிச்சைச் சாறு எதுவும் வாயில் ஊற்றாதீர்கள். அவை விஷத்தை முறிப்பதும் இல்லை. தோலில் தேங்காய் எண்ணெய், மண்ணெண்ணெய் தடவக் கூடாது, மருந்து வேகமாக உள்ளே இறங்கும்.

கையோடு எடுத்துவர வேண்டியது: பாட்டில், உள்ளே இருக்கும் துண்டுத்தாள், இல்லாவிட்டால் லேபிளின் போட்டோ. பிராண்டு பெயர் எங்களுக்கு உதவாது, "டெக்னிக்கல்" பெயரும், அதாவது உள்ளே இருக்கும் விஷத்தின் பெயரும், சதவீதமும் வேண்டும். குழுவில் ஒருவர் காலையில் கலக்கும் முன் ஒவ்வொரு டப்பாவையும் போனில் படம் எடுத்துவைப்பதைப் பழக்கமாக்குங்கள். இது ஏன் முக்கியம் என்றால் எல்லாப் பூச்சிமருந்துக்கும் அட்ரோபின் மாற்று மருந்து இல்லை. ஆர்கனோபாஸ்பரசுக்கும், அதேபோல வேலை செய்யும் கார்பமேட் வகைக்கும்தான். பிப்ரோனில் என்றால் வலிப்பை அடக்க வேண்டும். டயபென்தியூரான், எமாமெக்டின் எல்லாவற்றுக்கும் தனி மாற்று மருந்து கிடையாது, அறிகுறிக்குத்தான் வைத்தியம்.

நர்ஸ் மட்டும் இருக்கும் நிலையத்துக்குப் போவது வீண் என்று நினைக்க வேண்டாம். ஊசி போடும் வழியைத் திறந்து, டாக்டரிடம் போனில் கேட்டு அட்ரோபின் தொடங்கி, ஆக்சிஜன் வைத்து அனுப்பினால் வழியில் உயிர் நிற்கும். ஆனால் கையிருப்பைப் பருவம் தொடங்கும் முன்பே கேட்டு வையுங்கள். பெரியவர்களுக்கு முதல் டோஸ் 1.8 முதல் 3 மி.கி. இங்கே ஆம்பூல் (ஊசி மருந்தின் சிறு குப்பி) 0.6 மி.கி.; அதாவது 3 முதல் 5 ஆம்பூல். 5 நிமிடத்தில் நெஞ்சுச் சத்தம் குறையாவிட்டால் இரட்டிப்பு, மறுபடி இரட்டிப்பு. 3, 6, 12 என்று போனாலே கால் மணி நேரத்தில் 21 ஆம்பூல் காலி. அலமாரியில் 10 வைத்திருக்கும் இடத்தில் இரண்டாவது டோசுக்கு மேல் நிற்காது. வட்டார மருத்துவ அலுவலருக்கு ஒரு மனு எழுதி, மருந்தடிப்புப் பருவத்துக்கு மட்டும் கூடுதல் ஸ்டாக் கேளுங்கள். விலை குறைந்த மருந்துதான், யாரும் கேட்காததால் வராமல் இருக்கிறது.

இதை வீட்டில் வைத்துப் போடலாமா என்று யாரும் கேட்டுவிடாதீர்கள். அளவு மீறினால் காய்ச்சல், பிதற்றல், சிறுநீர் அடைப்பு. நாடித்துடிப்பு 80-க்கு மேல், நெஞ்சு சுத்தம், அக்குள் காய்ந்திருக்கிறது என்று நிமிடத்துக்கு நிமிடம் பார்த்துப் போடும் மருந்து அது.

சந்தேகத்துக்கு எய்ம்ஸ் தேசிய விஷத் தகவல் மையம்: 1800 116 117, கட்டணமில்லை.

---

வரப்போரம்:

இரண்டு பேருக்கும் நன்றி. டேங்கில் தண்ணீர் விட்டுப் பார்க்கச் சொல்கிறேன். இரண்டு சந்தேகம். வெயில் மயக்கத்தையும் மருந்து ஏறியதையும் காட்டில் வைத்து எப்படிப் பிரிப்பது? இரண்டிலும் வேர்த்துத்தான் கொட்டுகிறது. இன்னொன்று, "ஆஸ்பத்திரியில் ஒருநாள் வைத்துப் பார்த்து நல்லாயிட்டார் என்று அனுப்பிட்டாங்க, மூணாம் நாள் மூச்சு நின்னுபோச்சு" என்று பக்கத்து ஊர்களில் சொல்கிறார்கள். அப்படி நடக்குமா?

---

நாடி_பார்:

நடக்கும். 24 மணி முதல் 96 மணி நேரத்துக்குள் வரும் இடைநிலைப் பாதிப்பு அது. 1987-ல் இலங்கை மருத்துவர்கள் சேனநாயக்கவும் கரல்லியத்தவும் முதன்முதலில் விவரித்தது. எச்சில், வேர்வை எல்லாம் அடங்கி, ஆள் பேசி, இட்லி சாப்பிட்டுக்கொண்டிருப்பார். பிறகு கழுத்துத் தசை தளரும். அதைக் கண்டுபிடிக்க மெஷின் வேண்டாம்: மல்லாந்து படுத்தபடி தலையணையிலிருந்து தலையைத் தூக்கி 5 எண்ணும்வரை வைத்திருக்கச் சொல்லுங்கள். முடியவில்லை என்றால் மூச்சுத் தசை அடுத்தது, உடனே வென்டிலேட்டர் உள்ள இடம். இந்தக் கட்டத்தில் அட்ரோபின் வேலை செய்யாது. அதனால்தான் நிஜமான நஞ்சேற்றத்தில் 4 நாள் முடியும்முன் "வீட்டுக்குப் போகிறேன்" என்று கையெழுத்துப் போட்டு வரக் கூடாது. கூலி போகிறதே என்று முதலில் எழுந்து போவது நம் ஆட்கள்தான். உங்கள் பகுதிக்கு வென்டிலேட்டர் என்றால் பெரம்பலூர் மாவட்ட மருத்துவமனை, அரியலூர் மருத்துவக் கல்லூரி, திருச்சி மகாத்மா காந்தி நினைவு அரசு மருத்துவமனை. எந்தக் கிராமத்துக்கு எது பக்கம் என்று முன்பே தீர்மானித்து வையுங்கள்.

வெயிலா மருந்தா: டார்ச் எடுத்துக் கண்ணைப் பாருங்கள். நிழலில் நிற்கும் ஒரு நல்ல ஆளின் கண்மணியோடு ஒப்பிடுங்கள். மருந்தென்றால் கடுகுபோலச் சுருங்கியிருக்கும், வாயில் எச்சில் நிரம்பும், நாடி மெதுவாக ஓடும், சதை துடிக்கும். வெயில் தளர்ச்சியில் வாய் காய்ந்திருக்கும், தாகம், நாடி வேகம், கண்மணி சாதாரணம். நிழல், ஈரத்துணி, ஓ.ஆர்.எஸ். கொடுத்தால் அரை மணியில் தெளிவார். உடம்பு கொதிக்க, பிதற்றலும் சேர்ந்தால் அது வெப்பத்தாக்கு, அதுவும் 108 கேஸ்தான். நனைத்து விசிறிக்கொண்டே இருங்கள். ஒரு எச்சரிக்கை: மருந்து ஏறியவர் எல்லாருக்கும் கண்மணி சுருங்கும், நாடி குறையும் என்றில்லை. சிலருக்கு ஆரம்பத்தில் நாடி வேகமாகவே ஓடும். இரண்டுமா என்று குழம்பினால் மருந்து என்றே எடுத்துக்கொண்டு கழுவி அனுப்புங்கள். கழுவியதால் வெயில் மயக்கக்காரருக்கு நஷ்டம் எதுவும் இல்லை.

ரத்தப் பரிசோதனைக்குப் பெயர் சீரம் கோலினெஸ்ட்ரேஸ். இந்த மருந்துகள் முடக்கும் ஒரு நொதியை ரத்தத்தில் அளப்பது; சிவப்பணுவிலும் தனியாக அளக்கலாம். மருத்துவக் கல்லூரி லேபுகளிலும் பெரிய தனியார் லேபுகளிலும் செய்கிறார்கள். இதில் பலர் தவறுவது ஓர் இடத்தில்: பருவத்தின் நடுவில் ஒருமுறை எடுத்து "நார்மல்" என்று வந்தால் சந்தோஷப்படுவது. நார்மல் எல்லை அகலமானது. மேல் எல்லையில் இருந்தவருக்குப் பாதி இறங்கினாலும் தாளில் நார்மல் என்றே வரும். ஆகவே ஆடி மாதத்தில், மருந்தையே தொடாத சில வாரங்களுக்குப் பிறகு, ஒரு அடிப்படை அளவு எடுக்க வேண்டும். பருவத்தில் எடுப்பதை அவரவர் சொந்த அளவோடு ஒப்பிட வேண்டும், அதே லேபில். கலிஃபோர்னியா மாநில விதிப்படி சொந்த அளவில் 20 சதவீதம் குறைந்தால் வேலைமுறையைச் சோதிக்க வேண்டும். சீரம் அளவு 60 சதவீதத்துக்கோ, சிவப்பணு அளவு 70 சதவீதத்துக்கோ இறங்கினால் ஆளை மருந்து வேலையிலிருந்து விலக்க வேண்டும். நம் 1971 பூச்சிக்கொல்லி விதிகளிலும் மருத்துவப் பரிசோதனை பற்றி உண்டு, கூலி ஆட்களுக்கு அது வந்து சேர்ந்ததில்லை. சிவப்பணு அளவு ஒருமுறை விழுந்தால் நாளொன்றுக்கு 1 சதவீதம் போலத்தான் ஏறும். இரண்டு நாள் ஓய்வு எடுத்துவிட்டு மறுபடி டேங்க் மாட்டுபவர் குறைந்த இடத்திலிருந்தே மேலும் இறங்குகிறார். உங்கள் ஆட்களுக்குப் பருவக் கடைசியில் அறிகுறி அதிகமாவது அதனால் இருக்கலாம்.

இரண்டு மூன்று வாரம் கழித்துக் கால் மரத்து, பாதம் தொங்கினால் அதையும் மருந்தோடு சேர்த்து டாக்டரிடம் சொல்லுங்கள். "முதுகெலும்புப் பிரச்சினை" என்று ஸ்கேனுக்கு அலையவிடுவார்கள்.

---

தாலுகா_வாசல்:

வைத்தியம் எல்லாரும் சொல்லிவிட்டீர்கள். காகிதம் பற்றி நான்.

மருந்து ஏறி வருபவரை ஆஸ்பத்திரியில் சேர்த்தால் விபத்துப் பதிவேட்டில், அதாவது ஏ.ஆர்.-இல், முதல் வரியில் எழுதுவதுதான் கடைசிவரை நிற்கும். கூட வந்தவர் பதற்றத்தில் "மருந்து குடிச்சிட்டார்" போலப் பேசிவிட்டால் "விஷம் அருந்தியதாக" என்று பதிவாகிவிடும். பிறகு போலீஸ் பதிவும் அதையே பிடித்துக்கொண்டு தற்கொலை முயற்சி என்று போகும். விபத்து நிவாரணம் எதற்கும் அந்தக் குடும்பம் தகுதி இழக்கும். ஆகவே சேர்க்கும்போது சொல்ல வேண்டிய வாக்கியம் இது: "இன்னார் காட்டில், இன்ன பயிருக்கு, இத்தனை மணியிலிருந்து இத்தனை மணிவரை, இன்ன மருந்து அடித்துக்கொண்டிருந்தபோது உடம்பில் பட்டு மயங்கினார். வாயில் எடுத்துக்கொள்ளவில்லை." ஏ.ஆர். நகலையும் டிஸ்சார்ஜ் சம்மரியையும் கேட்டு வாங்குங்கள். சம்மரியில் வேலையின்போது ஏற்பட்ட பாதிப்பு என்று இருக்கிறதா என்று வாசலைத் தாண்டும்முன் படிக்கச் சொல்லுங்கள். பிறகு திருத்துவது பெரிய பாடு.

இறப்பு என்றால் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். 194-ஆம் பிரிவில் (பழைய சட்டத்தில் 174) பதிவு செய்வார்கள். அன்று போட்டிருந்த உடை, காலி பாட்டில், ஸ்ப்ரேயர் எதையும் கழுவவோ எரிக்கவோ வேண்டாம். பாட்டில், உடையை பிளாஸ்டிக் பையில் கட்டி ஒப்படையுங்கள். கடைப் பில் காட்டுக்காரர் பெயரில்தான் இருக்கும். அவர் கொடுக்கத் தயங்கினால் அன்றே போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலமைச்சரின் உழவர் பாதுகாப்புத் திட்டத்தில் நிலமில்லாத வேளாண் தொழிலாளர்களும் 18 முதல் 65 வயதுவரை உறுப்பினராகலாம். வி.ஏ.ஓ. வழியாகச் சமூகப் பாதுகாப்புத் திட்டத் தனி வட்டாட்சியருக்கு விண்ணப்பம் போகும். ஏழு பேர் இருந்தால் ஏழு பேருக்கும் பருவத்துக்கு முன்பே அட்டை வாங்கி வையுங்கள், கலக்கும் பெண்களுக்கும் சேர்த்துத்தான். "தொழில்: இல்லத்தரசி" என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் பின்னால் திண்டாடுகிறார்கள். மருத்துவக் காப்பீட்டு அட்டை தனி. குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் என்றால் தகுதி. தனியார் ஆஸ்பத்திரிக்கு மாற்றும்முன் அது திட்டத்தில் இருக்கிறதா, இந்தச் சிகிச்சை அதில் வருகிறதா என்று அங்கே இருக்கும் காப்பீட்டுத் தொடர்பாளரிடம் கேளுங்கள். அட்வான்ஸ் கட்டியபின் கேட்பதில் பயனில்லை.

இன்னொன்று. ஒரே மருந்தால் பல பேர் விழுந்தால் வட்டார வேளாண் உதவி இயக்குநருக்கு எழுத்தில் கொடுங்கள். பூச்சிக்கொல்லிச் சட்டம் 1968, பிரிவு 27-ன் கீழ் மாநில அரசே ஒரு மருந்தை 60 நாள் தடுத்துவைக்க முடியும். தமிழ்நாடு மோனோகுரோட்டோபாஸ் உட்பட ஆறு மருந்துகளை அப்படித் தடுத்திருக்கிறது. புகார் எழுத்தில் இல்லாவிட்டால் எதற்கும் நகர மாட்டார்கள்.

---

வரப்போரம்:

ஏ.ஆர். விஷயம் இங்கே யாருக்கும் தெரியாது. அந்த வாக்கியத்தை அப்படியே பெரிய எழுத்தில் பிரிண்ட் எடுத்து, டப்பா போட்டோ எடுக்கும் போன்காரரிடம் கொடுக்கிறேன். கடைசியாக இரண்டு: ட்ரோன் வந்தால் இந்தத் தொல்லை எல்லாம் தீருமா? பருத்தி இடைவெளியில் களைக்கொல்லி அடிக்கவும் இதே கிட் போதுமா?

---

பயிர்க்காவல்:

ட்ரோன் அடிப்பவரைக் காட்டுக்கு வெளியே எடுத்துவிடும், நல்லதுதான். ஆனால் ஏக்கருக்கு 200 லிட்டரில் கலந்த மருந்தை ட்ரோனில் 10 லிட்டரில் கலக்கிறார்கள். அதே அளவு மருந்து என்றால் கரைசல் 20 மடங்கு கெட்டி. அதை நிரப்புவது மறுபடியும் அதே பெண்கள். அவர்களுக்குக் கையுறையும் கண்ணாடியும் இல்லாமல் ட்ரோனை இறக்க விடாதீர்கள். பறக்கும்போது அடுத்த காட்டில் பருத்தி எடுப்பவர்கள், களை வெட்டுபவர்கள் இருக்கக் கூடாது. அடித்த காட்டுக்குள் மறுநாள் காலையே களையெடுக்க ஆள் இறக்குவதும் இதே கணக்கில் சேரும். இலை ஈரம் காய்ந்த பிறகும் மேல்பூச்சு தோலில் ஒட்டும். டப்பாவில் வேறு நாள் சொல்லாவிட்டால் 24 மணி நேரமாவது விடுங்கள், மோனோகுரோட்டோபாஸ் போன்றவற்றுக்கு இன்னும் அதிகம்.

களைக்கொல்லி: கிட் அதேதான். ஆனால் டப்பாவில் பாராகுவாட் என்று இருந்தால் வேறு கதை. அதற்கு மாற்று மருந்து கிடையாது. முழங்காலில், விரலிடுக்கில் வெட்டுக்காயம், புண் உள்ளவர்கள் அதைத் தொடவே கூடாது. முதுகில் கசிந்து தோல் வெந்து, அதன் வழியாக உள்ளே போய் இறந்தவர்கள் உண்டு. நகம் வெளுப்பது, மூக்கில் ரத்தம் வருவது முன்னறிகுறி. ஒரு வாய் உள்ளே போனால் முதல் நாள் தொண்டை எரிச்சல் மட்டும் இருக்கும், இரண்டு மூன்று நாளில் சிறுநீரகம், அதன்பின் நுரையீரல். ஆள் நன்றாகப் பேசுகிறார் என்று வீட்டில் வைத்துக்கொள்ளக் கூடாது. ஆஸ்பத்திரியில் முதல் வார்த்தையே "பாராகுவாட்" என்று இருக்கட்டும். மற்ற விஷத்தில் உடனே வைக்கும் ஆக்சிஜன் இதில் நுரையீரல் சேதத்தைக் கூட்டும். ரத்த ஆக்சிஜன் மிகவும் இறங்கினால்தான் வைப்பார்கள். பருத்தி இடைவெளிக்கு மாட்டு ஏரோ பவர் வீடரோ ஓடும் இடத்தில் அதை வாங்குவதே தேவையில்லை.